காற்றில் ஏறி வந்த தமிழ்

போர்ட் கிள்ளானில் பொழுது புலர்வதற்கு முன்பே சாலைகள் விழித்துக்கொள்கின்றன. கொள்கலன்களை ஏற்றிய கனவுந்துகள் துறைமுகத்தை நோக்கி வரிசையாகச் செல்கின்றன. ஒரு கனவுந்தின் முன்பக்கத்தில் இருக்கும் சிறிய திரையில் 96.3 என்னும் எண் ஒளிர்கிறது. தமிழில் காலைச் செய்தி ஒலிக்கிறது. அதே நேரத்தில், சற்றுத் தொலைவில் உள்ள அடுக்குமாடி வீடு ஒன்றில் பாட்டி ஒருவர் பேரப்பிள்ளைகளுக்குப் பசியாறத் தோசை சுட்டுக்கொண்டிருக்கிறார். அவருடைய அடுப்பங்கரையிலும் அதே குரல் ஒலிக்கிறது. ஓட்டுநரும் பாட்டியும் ஒருவரையொருவர் அறியாதவர்கள். ஆயினும், ஒரே குரல் இருவரையும் ஒரே நேரத்தில் வந்தடைகிறது.

இன்று இது மிகவும் இயல்பான காட்சி. ஆனால், அந்தக் குரல் இந்த அடுப்பங்கரை வரை வந்து சேர ஏறத்தாழ நூறு ஆண்டுகள் பிடித்தன. அதன் பயணத்தில் பொழுதுபோக்கு ஆர்வலர்கள் இருந்தார்கள், போர் இருந்தது, தடை இருந்தது, உயிரைப் பணயம் வைத்து வானொலி கேட்டவர்களும் இருந்தார்கள். மலேசியாவில் தமிழ் வானொலி வளர்ந்த வரலாற்றை அறிவது, இந்நாட்டில் தமிழ் எவ்வாறு வாழ்ந்து வந்தது என்பதை அறிவதாகும்.

கப்பலில் வந்த செய்தி

போர்ட் கிள்ளான் துறைமுகம் 1901ஆம் ஆண்டு திறக்கப்பட்டது. அப்போது அதன் பெயர் போர்ட் சுவெட்டன்ஹாம். 1972ஆம் ஆண்டில்தான் அது போர்ட் கிள்ளான் எனப் பெயர் மாற்றம் பெற்றது. சென்னையிலிருந்தும் நாகப்பட்டினத்திலிருந்தும் புறப்பட்ட கப்பல்கள் பினாங்கைத் தொட்டு, இத்துறைமுகத்திற்கு வந்து, பின்னர் சிங்கப்பூர் நோக்கிச் சென்றன. அக்கப்பல்களில் வந்திறங்கிய தமிழர்கள் ரப்பர்த் தோட்டங்களிலும் இரயில் பாதைகளிலும் துறைமுகத்திலும் வேலை செய்தார்கள். கேரித்தீவு, பந்திங், காப்பார் போன்ற வட்டாரங்களில் இருந்த தோட்டங்களில் அவர்கள் குடியேறினார்கள்.

அக்காலத்தில் ஊர்ச் செய்தியும் கப்பலில்தான் வர வேண்டும். தாய் இறந்த செய்தி மகனுக்கு வந்து சேரும்போது கருமாதியும் முடிந்திருக்கும். கடிதம் வந்தாலும் அதைப் படித்துச் சொல்ல ஆள் வேண்டும். 1924ஆம் ஆண்டு கோலாலம்பூரில் ‘தமிழ் நேசன்’ நாளிதழ் தொடங்கப்பட்டது. எனினும், எழுத்தறியாத பாட்டாளிகளுக்கு நாளிதழும் எட்டாக்கனியாகவே இருந்தது. எழுதப் படிக்கத் தெரியாதவருக்கும் செய்தியைக் கொண்டு செல்லும் கருவி ஒன்று தேவைப்பட்டது. அந்தக் கருவி அப்போது உலகின் பல மூலைகளில் பிறந்துகொண்டிருந்தது.

ஆர்வலர்கள் இட்ட விதை

தொடக்க காலத்தில் வானொலி பெரிய நிறுவனங்களின் சொத்தாக இருக்கவில்லை. மின்கருவிகளில் நாட்டம் கொண்ட சிலர் ஒன்றுகூடிச் சங்கம் அமைத்து, தங்கள் கைகளாலேயே கருவிகளைப் பொருத்தி ஒலிபரப்பினார்கள். சென்னையில் 1924ஆம் ஆண்டு மாநில வானொலிச் சங்கம் தொடங்கப்பட்டது. பணமின்மையால் அது 1927இல் ஒலிபரப்பை நிறுத்தியது. அதன் ஒலிபரப்புக் கருவி சென்னை மாநகராட்சிக்கு வழங்கப்பட்டது. மாநகராட்சி 1930இல் ஒலிபரப்பைத் தொடர்ந்தது. இலங்கையின் கொழும்பில் 1925ஆம் ஆண்டின் இறுதியில் வானொலி நிலையம் முறையாகத் தொடங்கப்பட்டது.

மலாயாவிலும் இதே கதைதான். 1921ஆம் ஆண்டு ஜொகூரைச் சேர்ந்த மின்பொறியாளர் ஏ.எல். பர்ச் என்பவர் இந்நாட்டிற்கு முதல் வானொலிக் கருவியைக் கொண்டு வந்தார். அவருடைய முயற்சியால் ஜொகூரில் வானொலிச் சங்கம் ஒன்று உருவானது. அதனைத் தொடர்ந்து கோலாலம்பூரிலும் ஆர்வலர் சங்கம் ஒன்று தோன்றியது. 1930ஆம் ஆண்டு வாக்கில் கோலாலம்பூரின் புக்கிட் பெட்டாலிங்கிலிருந்து மலாயா வானொலிச் சங்கம் 325 மீட்டர் அலைவரிசையில் ஒலிபரப்பியது.

இங்கு ‘325 மீட்டர்’ என்பது அலையின் நீளத்தைக் குறிக்கிறது. வானொலி அலை ஒரு வினாடியில் ஏறத்தாழ 300,000 கிலோமீட்டர் செல்லும். இத்தொலைவை அலைநீளத்தால் வகுத்தால், ஒரு வினாடியில் எத்தனை அலைகள் எழுகின்றன என்பது தெரியும். 325 மீட்டர் அலை வினாடிக்கு ஏறத்தாழ 923,000 முறை அதிர்கிறது. அதாவது 923 கிலோஹெர்ட்ஸ். இன்று போர்ட் கிள்ளான் ஓட்டுநர் கேட்கும் 96.3 மெகாஹெர்ட்ஸ் அலையோ வினாடிக்கு 96,300,000 முறை அதிர்கிறது. அதன் நீளம் ஏறத்தாழ 3.1 மீட்டர் மட்டுமே. அன்று ஓர் அலை, கால்பந்துத் திடல்கள் மூன்றை வரிசையாக வைத்த அளவுக்கு நீண்டிருந்தது. இன்றைய அலையை ஒரு வீட்டின் அறைக்குள் அடக்கிவிடலாம்.

இச்சங்கங்களை நடத்தியவர்கள் பெரும்பாலும் ஆங்கிலேய அதிகாரிகளும் வசதி படைத்தோரும் ஆவர். ஒலிபரப்பு நேரமும் குறைவு. கேட்பவர்களும் குறைவு. ஒரு வானொலிப் பெட்டியின் விலை, தோட்டப் பாட்டாளி ஒருவர் நினைத்தும் பார்க்க முடியாத ஒன்றாக இருந்தது. வானொலி நாட்டிற்குள் வந்துவிட்டது; ஆனால், அது இன்னும் மக்களிடம் வரவில்லை.

பினாங்கில் ஒலித்த நான்கு மொழிகள்

அந்த நிலையைச் சற்று மாற்றியது பினாங்கு. 1934ஆம் ஆண்டு பினாங்கு வானொலிச் சங்கம் ‘இசட்.எச்.ஜே.’ என்னும் அழைப்புக் குறியுடன் தனது ஒலிபரப்பைத் தொடங்கியது. அந்நிலையம் ஆங்கிலத்தோடு நின்றுவிடவில்லை. மலாய், சீனம், தமிழ் ஆகிய மொழிகளிலும் நிகழ்ச்சிகளை வழங்கியது.

இது வானொலி வரலாற்றில் ஒரு சிறு செய்தியாகத் தோன்றலாம். ஆனால், அதன் பொருள் பெரிது. பினாங்கு ஒரு துறைமுக நகரம். அங்கே சந்தையிலும் கப்பல்துறையிலும் கோவில் வாசலிலும் பல மொழிகள் அன்றாடம் புழங்கின. அந்நகரத்தின் குரலாக ஒரு நிலையம் விளங்க வேண்டுமானால், அந்நகரத்து மக்கள் பேசும் மொழிகளில் அது பேச வேண்டும். சென்னையில் அனைத்திந்திய வானொலி நிலையம் தொடங்கப்பட்டது 1938இல். திருச்சி நிலையம் 1939இல். அவற்றுக்கு முன்பே மலாயாவின் ஒரு சிறு தீவிலிருந்து தமிழ் காற்றில் ஏறியது என்பது குறிப்பிடத்தக்கது.

அடுத்த சில ஆண்டுகளில் சிங்கப்பூரில் பிரிட்டிஷ் மலாயா ஒலிபரப்பு நிறுவனம் உருவாயிற்று. கால்டெகோட் குன்றில் அதன் ஒலிபரப்புக் கூடத்தை 1937ஆம் ஆண்டு ஆளுநர் சர் ஷென்டன் தாமஸ் திறந்து வைத்தார். 1940இல் அரசாங்கமே அந்நிறுவனத்தை ஏற்றுக்கொண்டது. ஐரோப்பாவில் இரண்டாம் உலகப் போர் மூண்டிருந்தது. வானொலி இனிப் பொழுதுபோக்குக் கருவி மட்டுமன்று, அது ஆட்சியின் குரலும் ஆகும் என்பதை அனைவரும் உணரத் தொடங்கினர்.

கேட்பதே குற்றமான காலம்

1941ஆம் ஆண்டு டிசம்பர் 8ஆம் நாள் ஜப்பானியப் படை கோத்தா பாருவில் தரையிறங்கியது. 1942 பிப்ரவரி 15ஆம் நாள் சிங்கப்பூர் வீழ்ந்தது. பினாங்கு, கோலாலம்பூர், சிரம்பான், மலாக்கா, சிங்கப்பூர் ஆகிய இடங்களில் இருந்த வானொலி நிலையங்கள் ஜப்பானியர் வசமாயின. அவற்றின் வழியே ஜப்பானின் வெற்றிச் செய்திகள் மட்டுமே ஒலித்தன. வெளிநாட்டு ஒலிபரப்பைக் கேட்பது கடுங்குற்றம் என அறிவிக்கப்பட்டது.

இக்காலத்தில் வானொலி இரு வேறு வகைகளில் மக்களின் வாழ்வில் இடம்பெற்றது. ஒருபுறம், நேதாஜி சுபாஷ் சந்திரபோஸ் 1943இல் சிங்கப்பூருக்கு வந்தார். அவருடைய ஆசாத் ஹிந்து வானொலி இந்திய விடுதலைச் செய்தியைத் தமிழ் உள்ளிட்ட பல மொழிகளில் பரப்பியது. அவருடைய அழைப்பை ஏற்றுத் தோட்டப்புறத் தமிழர்கள் பலர் இந்திய தேசிய இராணுவத்தில் சேர்ந்தனர். தமிழ்ப் பெண்களும் ஜான்சி ராணிப் படையில் சேர்ந்தனர்.

மறுபுறம், மறைந்திருந்து வானொலி கேட்டவர்களும் இருந்தனர். அவர்களுள் ஒருவர் சிபில் கார்த்திகேசு. யுரேசியக் குடும்பத்தில் பிறந்த இவர் ஒரு தாதி. இலங்கைத் தமிழரான மருத்துவர் ஏ.சி. கார்த்திகேசுவை மணந்தவர். ஈப்போவில் மருந்தகம் நடத்திய இக்குடும்பம் போரின்போது அருகிலுள்ள பாப்பான் என்னும் சிற்றூருக்குக் குடிபெயர்ந்தது. அங்கே சிபில், ஏழை எளியவர்களுக்கு மருத்துவம் பார்த்தார். ஜப்பானியரை எதிர்த்துக் காட்டில் போரிட்ட படையினருக்கும் இரகசியமாகச் சிகிச்சை அளித்தார். வீட்டில் ஒரு சிற்றலை வானொலியை மறைத்து வைத்து, இலண்டனிலிருந்து வரும் பி.பி.சி. செய்திகளைக் கேட்டார். போரின் உண்மை நிலை அவருக்கு அதன்வழி தெரிய வந்தது.

1943ஆம் ஆண்டு சிபில் கைது செய்யப்பட்டார். கொடுமையான சித்திரவதைக்கு உள்ளானபோதும் அவர் பிறரைக் காட்டிக் கொடுக்கவில்லை. போர் முடிந்ததும் விடுவிக்கப்பட்டார். சிகிச்சைக்காகப் பிரிட்டனுக்கு அனுப்பப்பட்டார். அவருடைய வீரத்தைப் பாராட்டிப் பிரிட்டிஷ் அரசு ஜார்ஜ் பதக்கம் வழங்கியது. ஆயினும், சித்திரவதையால் நலிந்த உடல் தேறவில்லை. 1948ஆம் ஆண்டு ஜூன் மாதம் அவர் காலமானார்.

எல்லா நிலையங்களும் ஒரே குரலில் பேசியபோது, மற்றொரு குரலைக் கேட்க வேண்டும் என்னும் வேட்கை மக்களிடம் இருந்தது. உண்மையை அறியும் உரிமை எவ்வளவு மதிப்புமிக்கது என்பதைச் சிபிலின் வாழ்க்கை உணர்த்துகிறது.

தோட்டத்திற்கு வந்த ஒலிபெருக்கி

போருக்குப் பின்னர், 1946ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் நாள் ஒலிபரப்புத் துறை அமைக்கப்பட்டது. ‘ரேடியோ மலாயா’ சிங்கப்பூரைத் தலைமையிடமாகக் கொண்டு இயங்கியது. மலாய், சீனம், ஆங்கிலம் ஆகியவற்றுடன் தமிழும் அதன் முறையான ஒலிபரப்பில் இடம்பெற்றது. ஆர்வலர் சங்கத்தின் தயவில் ஒலித்த தமிழ், இப்போது அரசாங்க வானொலியின் ஓர் அங்கமானது.

1948ஆம் ஆண்டு நாட்டில் அவசரகாலம் அறிவிக்கப்பட்டது. கம்யூனிஸ்டுக் கிளர்ச்சியை எதிர்கொண்ட அரசாங்கம், தனது செய்தி கிராமங்களுக்கும் தோட்டங்களுக்கும் சென்று சேர வேண்டும் என விரும்பியது. எனவே, வானொலிச் சேவை விரிவுபடுத்தப்பட்டது. 1950ஆம் ஆண்டு வாக்கில் கோலாலம்பூரில் யங் சாலையில் தற்காலிக ஒலிபரப்புக் கூடம் அமைந்தது. புதுக்கிராமங்களிலும் தோட்டங்களிலும் பொது வானொலிப் பெட்டிகள் வைக்கப்பட்டன.

வீட்டில் வானொலி வாங்க இயலாத பாட்டாளிகள் அந்தப் பொதுப் பெட்டியைச் சுற்றிக் கூடினார்கள். அரசாங்கம் தனது அறிவிப்புகளுக்காகவே அப்பெட்டியை வைத்தது. மக்களோ அதில் பாட்டையும் நாடகத்தையும் ஊர்ச் செய்தியையும் எதிர்பார்த்தார்கள். ஆட்சியாளர் ஒரு நோக்கத்தோடு வைத்த கருவியை, மக்கள் தங்கள் தேவைக்கு ஏற்பப் பயன்படுத்திக்கொண்டனர்.

வானொலி வீட்டுக்கு வீடு பரவுவதற்கு ஓர் அறிவியல் கண்டுபிடிப்பும் துணைநின்றது. பழைய வானொலிப் பெட்டிகள் கண்ணாடிக் குழல்களால் இயங்கின. அவை சூடேற நேரம் பிடிக்கும். அதிக மின்சாரமும் வேண்டும். தோட்ட லயங்கள் பலவற்றில் அப்போது மின்சாரம் இல்லை. 1947இல் அமெரிக்காவில் கண்டுபிடிக்கப்பட்ட டிரான்சிஸ்டர் இச்சிக்கலைத் தீர்த்தது. 1950களின் நடுவில் டிரான்சிஸ்டர் வானொலிகள் விற்பனைக்கு வந்தன. சில மின்கலங்கள் போதும். பெட்டியைக் கையில் தூக்கிச் செல்லலாம். இதனால், மின்கம்பி எட்டாத லயத்து வீடுகளையும் வானொலி எட்டியது.

1957ஆம் ஆண்டு ஆகஸ்டு 31ஆம் நாள் மலாயா விடுதலை பெற்றது. விடுதலைச் செய்தியை வானொலி நாடெங்கும் ஒலிபரப்பியது. அரங்கத்திற்குச் செல்ல இயலாதவர்களும் அந்த வரலாற்று நிகழ்வைக் காதால் கேட்டனர்.

ஆறாம் ஆண்டிற்குப் பின் ஓர் ஆசிரியர்

1959ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாள் ரேடியோ மலாயா சிங்கப்பூரிலிருந்து பிரிந்து, கோலாலம்பூரைத் தலைமையிடமாகக் கொண்டது. 1963ஆம் ஆண்டு செப்டம்பர் 16ஆம் நாள் மலேசியா உருவானபோது அது ‘ரேடியோ மலேசியா’ ஆயிற்று. அதே ஆண்டு டிசம்பர் 28ஆம் நாள் தொலைக்காட்சிச் சேவையும் தொடங்கியது. பின்னர் வானொலியும் தொலைக்காட்சியும் ஒரே துறையாக இணைக்கப்பட்டு, அங்காசாபுரி அவற்றின் இல்லமாயிற்று.

இந்தப் பல்லாண்டுக் காலத்தில் தமிழ் வானொலி ஆற்றிய மிகப் பெரிய பணி எது? அதனைப் புரிந்துகொள்ள, இந்நாட்டின் கல்வி அமைப்பை நினைவில் கொள்ள வேண்டும். மலேசியாவில் தமிழ்ப்பள்ளிகள் தொடக்கப்பள்ளிகளாகவே உள்ளன. ஆறாம் ஆண்டு முடிந்ததும் மாணவர்கள் இடைநிலைப்பள்ளிக்குச் செல்கின்றனர். அங்கே தமிழ் ஒரு பாடமாக மட்டுமே கற்பிக்கப்படுகிறது. ஒரு காலத்தில், ஆறாம் ஆண்டோடு பள்ளியை விட்டு வேலைக்குச் சென்ற பிள்ளைகளும் மிகுதி. அதன்பின் அவர்கள் நல்ல தமிழை எங்கே கேட்பது?

அவர்களுக்கு வானொலியே ஆசிரியராக விளங்கியது. லகர, ளகர, ழகர வேறுபாட்டோடு செய்தி வாசிக்கும் அறிவிப்பாளரின் குரலைக் கேட்டுக் கேட்டு, பலருடைய உச்சரிப்புத் திருந்தியது. நாட்டின் செய்திகளைத் தமிழில் சொல்ல வேண்டியிருந்ததால், புதிய சொற்களும் தேவைப்பட்டன. மாமன்னர், கூட்டரசு, நாடாளுமன்றம், இடைத்தேர்தல் போன்ற சொற்கள் நாளிதழ்கள் வழியாகவும் வானொலி வழியாகவும் மக்களின் நாவில் பதிந்தன. படிக்காத பாட்டியும் ‘நாடாளுமன்றம்’ என்று சொல்லத் தொடங்கினார்.

வானொலி எழுத்தாளர்களுக்கும் களம் அமைத்துக் கொடுத்தது. நாடகமும் சிறுகதையும் கவிதையும் இலக்கிய உரையும் அதில் இடம்பெற்றன. நூல் அச்சிடப் பணமில்லாத எழுத்தாளர் ஒருவரின் படைப்பைப் பல்லாயிரம் பேர் ஒரே இரவில் கேட்க முடிந்தது. மலேசியாவின் முன்னணி எழுத்தாளர்களுள் ஒருவரான ரெ. கார்த்திகேசு வானொலியிலும் தொலைக்காட்சியிலும் பணியாற்றியவர். பின்னர் அவர் மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தில் பொதுமக்கள் தகவல் சாதனத் துறைப் பேராசிரியராக விளங்கினார். இந்நாட்டின் ஒளிபரப்பு வரலாற்றையும் ஆய்வு செய்தார். நாவலாசிரியராகவும் சிறுகதையாசிரியராகவும் புகழ்பெற்ற அவர் 2016ஆம் ஆண்டு காலமானார்.

மின்னலாய் மாறிய ஆறு

நெடுங்காலம் தமிழ் ஒலிபரப்பு மத்திய அலையில் இயங்கியது. மத்திய அலை நிலத்தை ஒட்டி வெகுதூரம் செல்லும். ஆனால், இடி மின்னலின்போதும் மின்கருவிகளுக்கு அருகிலும் இரைச்சல் மிகுதியாக இருக்கும். பண்பலை வந்தபின் ஒலி தெளிவானது. எனினும், பண்பலைக்கு ஒரு குறை உண்டு. அது ஏறத்தாழ நேர்க்கோட்டில் செல்லும். மலை குறுக்கிட்டால் தடைபடும். ஆகவே, ஒலிபரப்புக் கோபுரங்களை உயரமான இடங்களில் நிறுவுகின்றனர். கிள்ளான் பள்ளத்தாக்கில் கேட்கும் பண்பலை நிலையங்கள் பல, கெந்திங் மலைப்பகுதியில் 1,700 மீட்டருக்கும் அதிக உயரமுள்ள குனோங் ஊலு காலியிலிருந்து ஒலிபரப்பாகின்றன. நாட்டின் பிற பகுதிகளில் ஒரே நிலையம் வெவ்வேறு எண்களில் ஒலிப்பதற்கும் இதுவே காரணம். ஒவ்வொரு வட்டாரத்திற்கும் தனித்தனிக் கோபுரமும் அதிர்வெண்ணும் தேவைப்படுகின்றன.

‘வானொலி ஆறு’ என்று மக்கள் அன்போடு அழைத்த தமிழ்ப் பிரிவு, 2005ஆம் ஆண்டு ‘மின்னல் பண்பலை’ எனப் பெயர் பெற்றது. பெயர் மாறினாலும், அதன் வேர் ரேடியோ மலாயா காலத்தில் இருக்கிறது. இன்று தனியார் தமிழ் வானொலியான ராகாவும் பெருந்திரளான நேயர்களைப் பெற்றுள்ளது. கைப்பேசியில் பாடல்கள் கொட்டிக் கிடக்கின்றன. எனவே, வானொலிக்குப் புதிய சவால் எழுந்துள்ளது. எல்லாரும் தத்தம் கைப்பேசியில் தமக்குப் பிடித்ததை மட்டும் கேட்கும் காலத்தில், அனைவருக்கும் பொதுவான ஒரு குரல் தேவையா?

சிறிய நிலையம், பெரிய தேவை

இக்கேள்விக்கு விடை காணத் தமிழ்நாட்டின் கடற்கரை வரை செல்லலாம். இந்தியாவில் ‘சமுதாய வானொலி’ என்னும் திட்டம் உள்ளது. ஒரு வட்டார மக்களே தங்களுக்காக நடத்தும் சிறிய நிலையம் இது. 2004ஆம் ஆண்டு சென்னை அண்ணா பல்கலைக்கழகத்தில் தொடங்கிய ‘அண்ணா பண்பலை’ இவ்வகையில் இந்தியாவின் முதல் வளாக நிலையமாகும். 2006ஆம் ஆண்டு முதல் தொண்டு அமைப்புகளுக்கும் உரிமம் வழங்கப்பட்டது. இந்நிலையங்களின் வீச்சு சில கிலோமீட்டர்கள் மட்டுமே.

இராமேசுவரத்திற்கு அருகில் உள்ள பாம்பனில் 2016ஆம் ஆண்டு ‘கடல் ஓசை’ என்னும் சமுதாய வானொலி தொடங்கப்பட்டது. அதன் அதிர்வெண் 90.4. மீனவர்களுக்காகவே நடத்தப்படும் நிலையம் இது. காற்றின் வேகம், கடலின் நிலை, மீன்வளத்தைப் பாதுகாத்தல், மீனவர்களுக்கான அரசுத் திட்டங்கள் ஆகியவற்றை அது மீனவர்களின் பேச்சு வழக்கிலேயே எடுத்துரைக்கிறது. நாட்டின் பெரிய நிலையங்கள் சொல்லும் வானிலை, மாநிலம் முழுமைக்கும் பொதுவானது. நாளை காலை வலையை எடுத்துக்கொண்டு படகேறலாமா, கூடாதா என்பதே பாம்பன் மீனவருக்கு வேண்டிய செய்தி. அதனைச் சொல்ல அவருடைய ஊரை அறிந்த குரல் வேண்டும்.

இந்தத் தேவை கடல் கடந்தும் பொருந்தும். 2021ஆம் ஆண்டு டிசம்பரில் பெய்த பெருமழையால் ஷா ஆலாம், கிள்ளான் உள்ளிட்ட கிள்ளான் பள்ளத்தாக்குப் பகுதிகள் வெள்ளத்தில் மூழ்கின. இத்தகைய பேரிடரின்போது மின்சாரம் துண்டிக்கப்படலாம். கைப்பேசித் தொடர்பும் அறுந்து போகலாம். அப்போதும் மின்கலத்தில் இயங்கும் சிறு வானொலி வேலை செய்யும். எந்தச் சாலை மூடப்பட்டுள்ளது, எந்த மண்டபத்தில் தங்கலாம் என்னும் செய்தியைப் புரியும் மொழியில் கேட்பது உயிரைக் காக்கும். முதியவர் ஒருவருக்கு அந்த மொழி தமிழாக இருக்கலாம்.

உலகெங்கும் ஆண்டுதோறும் பிப்ரவரி 13ஆம் நாள் உலக வானொலி நாளாகக் கொண்டாடப்படுகிறது. 1946ஆம் ஆண்டு அதே நாளில் ஐக்கிய நாடுகள் வானொலி தொடங்கப்பட்டது. தொலைக்காட்சி வந்தபோதும் இணையம் வந்தபோதும் வானொலி அழிந்துவிடும் என்றனர். அது அழியவில்லை. கண்ணையும் கையையும் வேலைக்கு விட்டுவிட்டுக் காதை மட்டும் கேட்பது வானொலி. கனவுந்து ஓட்டுநருக்கும் தோசை சுடும் பாட்டிக்கும் அதுவே ஏற்ற துணை.

கேட்பவர் கடமை

ஏறத்தாழ நூறு ஆண்டு வரலாற்றைத் திரும்பிப் பார்த்தால், ஓர் உண்மை விளங்குகிறது. வானொலி ஒரு கருவி மட்டுமே. அதனை ஆர்வலர்கள் மகிழ்ச்சிக்குப் பயன்படுத்தினார்கள். ஆக்கிரமித்தவர்கள் உண்மையை மறைக்கப் பயன்படுத்தினார்கள். அரசாங்கம் அறிவிப்புகளுக்குப் பயன்படுத்தியது. எழுத்தாளர்களும் அறிவிப்பாளர்களும் மொழியை வளர்க்கப் பயன்படுத்தினார்கள். எந்தக் குரல் ஒலிக்கிறது, அது யாருக்காக ஒலிக்கிறது என்பதைக் கேட்பவர் சிந்திக்க வேண்டும்.

அதேபோல், ஒரு மொழியின் குரல் காற்றில் நிலைத்திருக்க, அதனைக் கேட்பவர்களும் வேண்டும். சென்னைச் சங்கம் மூன்றே ஆண்டுகளில் ஒலிபரப்பை நிறுத்தியதை மறந்துவிடலாகாது. அங்கே ஆர்வம் குறையவில்லை. அதனைத் தாங்கும் வலிமைதான் குறைந்தது. இன்றைய மாணவர்கள் நாளைய அறிவிப்பாளர்களாகவும் நிகழ்ச்சித் தயாரிப்பாளர்களாகவும் வரலாம். பள்ளியின் காலைச் சபையில் பிழையின்றிச் செய்தி வாசிக்கும் மாணவர் ஒருவர் அப்பயணத்தின் முதல் படியில் நிற்கிறார்.

போர்ட் கிள்ளானில் மீண்டும் ஒரு பொழுது புலர்கிறது. ஒரு காலத்தில் இத்துறைமுகத்தில் கப்பலுக்காகக் காத்திருந்த செய்தி, இப்போது கண்ணிமைக்கும் நேரத்தில் வந்து சேர்கிறது. அது தமிழில் வருகிறது என்பது தானாக நிகழ்ந்ததன்று. பலருடைய உழைப்பால் கிடைத்த பேறு அது.

கருத்துணர் கேள்விகள்

1. தொடக்க காலத்தில் நாளிதழ் இருந்தும், தோட்டப் பாட்டாளிகளுக்கு வானொலி தேவைப்பட்டதன் காரணம் யாது?

2. பினாங்கு வானொலிச் சங்கத்தின் ஒலிபரப்பு மற்ற ஆர்வலர் சங்கங்களின் ஒலிபரப்பிலிருந்து எவ்வாறு வேறுபட்டது?

3. ‘அரசாங்கம் ஒரு நோக்கத்தோடு வைத்த கருவியை மக்கள் தங்கள் தேவைக்கு ஏற்பப் பயன்படுத்திக்கொண்டனர்.’ இக்கூற்றைப் பனுவலின் துணையுடன் விளக்குக.

4. அதிர்வெண் 90.4 மெகாஹெர்ட்ஸ் கொண்ட அலையின் நீளத்தைக் கணக்கிடுக.

5. உங்கள் வட்டாரத்திற்கு ஒரு சிறிய தமிழ் வானொலி நிலையம் அமைந்தால், அதில் இடம்பெற வேண்டிய மூன்று நிகழ்ச்சிகளைக் காரணத்துடன் பரிந்துரைக்கவும்.